கேட்டை மூடச் சொன்னவள்

திங்கட்கிழமை காலைக் கூட்டத்துக்கு ரஞ்சனி எல்லோருக்கும் தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாக் பொட்டலம் வாங்கி வைத்திருந்தாள். அதைப் பார்த்ததுமே தாமரை உஷாரானாள். அந்த அலுவலகத்தில் நல்ல செய்தி சொல்வதற்காக யாரும் சாப்பாடு வாங்கியதில்லை.

பிரிக்பீல்ட்ஸில், ரயில் தண்டவாளத்தைப் பார்த்தபடி நிற்கும் கட்டடத்தின் ஒன்பதாவது மாடியில் இருந்தது அந்த அலுவலகம். மற்ற கம்பெனிகளின் கம்ப்யூட்டர்களை இங்கிருந்தே காவல் காப்பதுதான் அவர்களுடைய தொழில். எங்கோ ஒரு வங்கியிலோ குடோனிலோ யாராவது திருட்டுத்தனமாக உள்ளே நுழைந்தால், இங்கே திரையில் ஓர் அலெர்ட் வந்து விழும். முன்வரிசையில் உட்கார்ந்திருப்பவர்கள் அதைப் படித்து, சும்மா வந்ததா, நிஜமான ஆபத்தா என்று பிரித்து, ஆபத்து என்றால் பின்வரிசைக்கு அனுப்பவேண்டும். பின்வரிசையில் இருந்த இன்வெஸ்டிகேட்டர்கள் மீதியைப் பார்த்துக்கொள்வார்கள். தாமரை முன்வரிசையில் உட்கார்ந்து பத்து வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது.

"சுத்தி வளைக்காம சொல்லிடறேன்," என்றாள் ரஞ்சனி. தாமரையைவிட ஐந்தாறு வயது சின்னவள், ஆனால் இந்த மையம் முழுவதற்கும் மேனேஜர். "புது சிஸ்டம் வருது. நீங்க ஒரு ஷிஃப்ட் முழுக்க பாக்கற அலெர்ட்ட அது கண்ண மூடித் திறக்கறதுக்குள்ள பாத்து முடிச்சிடும். அடுத்த வருஷத்துலேருந்து முன்வரிசைன்னு ஒண்ணு இருக்காது."

யாரும் பொட்டலத்தைப் பிரிக்கவில்லை.

"ஆனா யாரையும் அனுப்பறதுக்கு எனக்கு இஷ்டமில்ல. மேல பேசி ஒரு விஷயம் வாங்கிட்டு வந்திருக்கேன். ஆபீஸ் நேரத்துலயே மூணு மாசம் ட்ரெயினிங். பாஸ் பண்ணா நீங்களும் இன்வெஸ்டிகேட்டர். வேணாங்கறவங்களுக்கு நஷ்டஈடு குடுத்து மரியாதையா அனுப்பி வெப்பாங்க. யோசிச்சு வெள்ளிக்கிழமைக்குள்ள சொல்லுங்க."

கூட்டம் கலைந்ததும் ஷிஃப்ட் லீடர் ஜெயராஜ் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். ஐம்பதைத் தாண்டியவர். தாமரையை வேலைக்கு எடுத்ததே அவர்தான். "இந்த வயசுல நான் பரீட்சை எழுதணுமா? போதும் லா. குடுக்கறத வாங்கிட்டு செமினியில மகன் வீட்டுக்குப் போய் நிம்மதியா இருக்கப்போறேன்," என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். ஆனால் பொட்டலத்தைப் பிரிக்காமலே மேசையில் விட்டுவிட்டுப் போனார்.

தாமரைக்கும் அதே எண்ணம் ஓடியது. ரயிலில் கிள்ளானுக்குத் திரும்பும் வழியெல்லாம் மனத்துக்குள் கணக்குப் போட்டாள். பின்வரிசையில் இருப்பவர்களை அவளுக்குத் தெரியும். போனை எடுத்து யாரிடமோ பேசுவார்கள். "நிறுத்துங்க", "கழட்டுங்க" என்று கட்டளை போடுவார்கள். ஒரு கம்பெனியையே அரை நாள் முடக்கி வைப்பார்கள். தன் வாய்க்குள்ளிருந்து அப்படி ஒரு வார்த்தை வருவதை அவளால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை.

பண்டமாரான் வீட்டில் அவள் கணவன் கமலநாதன் அப்போதுதான் லோரியை நிறுத்திவிட்டு வந்து முகம் கழுவிக்கொண்டிருந்தான். துறைமுகத்திலிருந்து குளிர்ப்பதனச் சரக்கு ஏற்றும் வேலை அவனுக்கு. எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் துண்டால் முகத்தைத் துடைத்தான்.

"இதுல யோசிக்க என்ன இருக்கு? போய்ப் படி."

"ஃபெயிலானா?"

"ஃபெயிலானா ஃபெயில். சேராம இருந்தா மட்டும் பாஸா?"

அவள் சிரித்துவிட்டாள். செவ்வாய்க்கிழமை காலையே பெயர் கொடுத்தாள்.

வகுப்பெடுக்க வந்தவள் பரிடா. முப்பது வயதுகூட இருக்காது. அரசாங்கத்திலும் வங்கியிலும் பல பெரிய தாக்குதல்களைக் கையாண்டவள் என்று சொன்னார்கள். தாமரையை முதல் நாளிலிருந்தே 'காக்' என்று, அதாவது அக்கா என்றுதான் கூப்பிட்டாள்; ஆனால் வேலையில் அக்காவென்றும் பார்க்கமாட்டாள், தங்கையென்றும் பார்க்கமாட்டாள். திருடன் எப்படி உள்ளே வருகிறான், வந்தபின் எந்தக் கம்ப்யூட்டரிலிருந்து எதற்குத் தாவுகிறான், எங்கே தடயம் விடுகிறான் என்று பாடம் போய்க்கொண்டிருந்தது. தாமரை இத்தனை வருடம் துண்டு துண்டாகப் பார்த்த அலெர்ட்டுகள் எல்லாம் ஒரு கதையின் வரிகள் என்று இப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. முதல் வரியை மட்டும் படித்துவிட்டுப் புத்தகத்தை அடுத்தவரிடம் கொடுத்துக்கொண்டே இருந்திருக்கிறாள். பாடத்தில் அவளுக்கு ருசி தட்டிவிட்டது. மதியச் சாப்பாட்டு நேரத்தில்கூட பழைய கேஸ்களைத் திறந்து வைத்துக்கொண்டு, இவன் எங்கே போனான், அடுத்து என்ன செய்தான் என்று தேடிக்கொண்டிருப்பாள்.

அவள் இடிந்துபோனது முதல் செய்முறைச் சோதனையில்தான்.

பரிடா கற்பனையாக ஒரு பிஸ்கட் தொழிற்சாலையை உருவாக்கி, அதற்குள் ஒரு திருடனையும் நுழைத்துவிட்டிருந்தாள். தாமரை அவனைக் கண்டுபிடித்தாள். எந்த வழியாக வந்தான், யாருடைய கணக்கைத் திருடினான், அடுத்து எங்கே போகப்போகிறான் என்று எல்லாவற்றையும் வகுப்பில் எவரைக்காட்டிலும் முன்னதாகக் கண்டுபிடித்து எழுதினாள். எழுதி முடித்து, கடைசியில் பழக்கதோஷத்தில், 'பின்வரிசைக்கு அனுப்பப்பட்டது' என்று போட்டாள்.

பரிடா அவள் பக்கத்தில் வந்து நின்றாள். "காக், பின்வரிசையே நீங்கதான். இப்ப என்ன செய்யப்போறீங்க?"

தாமரை திரையைப் பார்த்தாள். முதலாளிக்குப் போன் செய்யலாம். ஒருவேளை இது தப்பாக இருந்தால்? இன்னொரு முறை சரிபார்க்கலாம். சரிபார்த்தாள். மறுபடியும் பார்த்தாள். அதற்குள் திரை முழுக்கச் சிவப்பாகிவிட்டது. பணம் கொடுத்தால்தான் திறப்பேன் என்று பிஸ்கட் தொழிற்சாலையின் எல்லாக் கம்ப்யூட்டர்களையும் திருடன் பூட்டிவிட்டான்.

"உங்களுக்கு எல்லாம் தெரியுது," என்றாள் பரிடா மெதுவாக. "தெரிஞ்சும் நீங்க ஒண்ணும் செய்யல."

தோல்வி என்று போட்டிருந்த தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு தாமரை ரயிலேறினாள். அவமானத்தைவிட எரிச்சல்தான் அதிகமாக இருந்தது. ஒன்றும் தெரியாமல் தோற்றிருந்தால் மனம் ஆறியிருக்கும்.

வீட்டில் சொன்னபோது கமலநாதன் ஆறுதல் எதுவும் சொல்லவில்லை. "அப்ப உனக்குப் பாடம் வராம இல்ல. முதலாளிங்ககிட்டப் பேச பயம். அவ்வளவுதானே?" என்றான். பிறகு சமையலறை ஸ்டூலை இழுத்துப்போட்டு, கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து, வாழைக்காய் ஒன்றைப் போன்போல் காதில் வைத்துக்கொண்டான். "ம், கூப்பிடு. நான்தான் முதலாளி."

"சும்மா இருங்க."

"யாரும்மா நீ? என் கம்பெனிய மூடச் சொல்ல நீ யாரு? உன் மேனேஜர் எங்க? எனக்கு எத்தனை லோரி வெளிய நிக்குது தெரியுமா?" அவன் குரல் அண்டை வீட்டுக்குக் கேட்டிருக்கும். இருபது வருடமாக முதலாளிகளிடம் திட்டு வாங்கியவன் அல்லவா. ஏற்ற இறக்கம் எல்லாம் அச்சாக வந்தது.

முதல் நாள் அவளுக்குச் சிரிப்புத்தான் வந்தது. இரண்டாம் நாள் கோபம் வந்தது. அதற்குப் பிறகு பதில் வரத் தொடங்கியது. "சார், நான் தாமரை. இந்தக் கேஸுக்கு நான்தான் பொறுப்பு" என்று தொடங்கினால் குரல் நடுங்குவதில்லை என்று கண்டுபிடித்தாள். நிறைய விளக்கினால் எதிராளிக்குக் கோபம் ஏறுகிறது, சுருக்கமாகச் சொன்னால் காது கொடுக்கிறான் என்பதையும் தெரிந்துகொண்டாள். இதைப் பரிடாவிடம் சொன்னபோது அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். மறுநாள் வகுப்பிலும் எல்லோரையும் ஜோடி ஜோடியாக உட்காரவைத்து, ஒருவர் முதலாளி, ஒருவர் இன்வெஸ்டிகேட்டர் என்று சண்டை போடவிட்டாள்.

தீபாவளிக்கு முந்தின வாரம். பயிற்சியின் கடைசிக் கட்டம் என்பதால் தாமரை பின்வரிசையில் பரிடாவுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து நிஜமான கேஸ்களைப் பார்க்க ஆரம்பித்திருந்தாள். ரஞ்சனி கோத்தா கினபாலுவுக்கு விமானத்தில் போய்க்கொண்டிருந்தாள். வெளியே காலையிலேயே மழை பிடித்துக்கொண்டிருந்தது.

இரண்டு அலெர்ட்டுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. ஒன்று ஷா ஆலாமில் ஒரு தொழிற்சாலை. மற்றது கிள்ளானில் ஒரு குளிர்ப்பதனக் குடோன். இரண்டுக்கும் கம்ப்யூட்டர் பராமரிப்பது ஒரே வெளி ஆள்தான். அவனுடைய கணக்கின் வழியாகத்தான் இரண்டு இடத்திலும் யாரோ உள்ளே வந்திருந்தார்கள். அந்த மாதம்தான் பொருத்தியிருந்த புது சிஸ்டம் அதை நொடியில் பிடித்து, எங்கெங்கே தொட்டிருக்கிறார்கள் என்று வரிசையாகக் காட்டியது. தாமரை முன்னால் வெறுத்த அதே சிஸ்டம்தான். கையால் தேடியிருந்தால் மத்தியானம் ஆகியிருக்கும்.

பரிடா ஹெட்செட்டை மாட்டிக்கொண்டாள். "காக், ஷா ஆலாம நான் பாக்கறேன். கிள்ளான் உங்களோடது."

"நானா?"

"நீங்கதான்." அவள் ஏற்கெனவே எண்ணை அழுத்திவிட்டாள்.

தாமரை போனை எடுத்தாள். முதலில் அந்தப் பராமரிப்பு ஆளைக் கூப்பிட்டாள். "இப்ப நீங்க கிள்ளான் குடோன் சர்வர்ல ஏதாவது வேலை செய்றீங்களா?"

"இல்லையே மிஸ். நான் ஃபெடரல் ஹைவேல ஜாம்ல நிக்கறேன். லேப்டாப்ப இன்னும் திறக்கவே இல்ல."

அவ்வளவு போதும். உள்ளே இருப்பவன் திருடன். திரையில் அவன் அலுவலகக் கம்ப்யூட்டர்களில் பாதுகாப்பை அணைத்துவிட்டு, நகல்கள் சேமித்து வைத்திருக்கும் பேக்கப் சர்வரை நோக்கி நகர்ந்துகொண்டிருந்தான். அதை அழித்துவிட்டால் பிறகு எதைப் பூட்டினாலும் திரும்ப எடுக்க வழியிருக்காது. தாமரை யாரையும் கேட்கவில்லை. திருடப்பட்ட கணக்கை முடக்கினாள். பேக்கப் சர்வரை நெட்வொர்க்கிலிருந்து துண்டித்தாள். இரண்டும் செய்ய அவளுக்கு அதிகாரம் உண்டு என்று ஒப்பந்தத்தில் இருந்தது.

ஆனால் அவன் மெயின் சர்வருக்குள்ளும் வேறொரு பெயரில் உட்கார்ந்திருந்தான். கேட்டில் லோரிகளை உள்ளே விடுவது, எந்தப் பெட்டி எந்த அறையில் என்பது எல்லாம் அதில்தான் ஓடியது. அதை நிறுத்தினால் குடோனே நிற்கும். அதற்கு முதலாளியின் சம்மதம் வேண்டும்.

அப்போது முன்வரிசையிலிருந்து ஜெயராஜ் எழுந்து வந்தார். மாதக் கடைசியோடு அவருக்கு வேலை முடிகிறது. தாமரையின் பக்கத்தில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"சொல்லு தாமரை. நான் என்ன செய்யணும்?"

அவள் ஒரு கணம் அவரைப் பார்த்தாள். பிறகு சொன்னாள். "குடோன் ஆபீஸுக்குப் போன் போடுங்க அண்ணே. எல்லா கம்ப்யூட்டர்லயும் நெட்வொர்க் வயர மட்டும் பிடுங்கச் சொல்லுங்க. ஸ்விட்ச்ச அணைக்கக்கூடாது. அணைச்சா தடயம் போயிடும்."

"வயர் மட்டும். புரிஞ்சுது." அவர் போனை எடுத்தார்.

தாமரை முதலாளி கண்ணப்பனைக் கூப்பிட்டாள்.

"சார், நான் தாமரை, உங்க கம்ப்யூட்டர் பாதுகாப்பு பாக்கற ஆபீஸ்லேருந்து பேசறேன். உங்க சிஸ்டத்துக்குள்ள திருடன் இருக்கான். மெயின் சர்வர இப்பவே துண்டிக்கணும்."

"என்ன மிஸ் விளையாடறீங்களா? தீபாவளி வாரம்! ஆட்டுக்கறி, மீன், எல்லாம் இன்னிக்கு வெளிய போகணும். கேட்ல லோரி வரிசை ரோடு வரைக்கும் நிக்குது. மூடச் சொல்ல நீங்க யாரு? உங்க மேனேஜரக் குடுங்க."

எங்கோ கேட்ட வசனம் மாதிரி இருந்தது. அவளுக்குப் பயம் வரவில்லை.

"மேனேஜர் ஃப்ளைட்ல இருக்காங்க சார். இந்தக் கேஸுக்கு நான்தான் பொறுப்பு. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். குளிர் அறையோட கன்ட்ரோல் இதே சர்வர்லதான் ஓடுதா?"

"இல்ல. அது தனி."

"அப்ப சரக்கு கெடாது. லோரி மட்டும்தான் நிக்கும். இப்ப மூடினா இன்னிக்கு மத்தியானம் வரைக்கும் நிக்கும். மூடாம விட்டா அவன் எல்லாத்தையும் பூட்டிடுவான். அப்புறம் எப்ப திறக்கும்னு என்னால சொல்ல முடியாது. உங்க பேக்கப்ப நான் ஏற்கெனவே பத்திரமா பிரிச்சு வெச்சிட்டேன். அத வெச்சு உங்கள திரும்ப எழுப்பிடலாம். மத்தியானமா, தீபாவளிக்கு அப்புறமான்னு நீங்கதான் சொல்லணும்."

மழைச் சத்தமும் ஹாரன் சத்தமும் போன் வழியாகக் கேட்டன. யாரோ யாரையோ திட்டிக்கொண்டிருந்தார்கள்.

"மூடுங்க," என்றார் கண்ணப்பன்.

தாமரை பொத்தானை அழுத்தினாள்.

ஒரு நிமிடம் கழித்து, திருடன் வைத்துவிட்டுப்போன பூட்டு மூன்று அலுவலகக் கம்ப்யூட்டர்களில் விழுந்தது. ஜெயராஜ் சொன்னபடி வயரைப் பிடுங்கிக்கொண்டு வந்தவர்களுக்கு எட்டாமல்போன மூன்று. அங்கிருந்து அது மற்றவற்றுக்குத் தாவப் பார்த்தது. தாவ வழியில்லை. எல்லாக் கதவும் மூடியிருந்தது. திரையில் அந்த மூன்று சிவப்புப் புள்ளிகள் மட்டும் நின்றன, நான்காவது வரவே இல்லை.

"நின்னுடுச்சு," என்றார் ஜெயராஜ். பிறகு, தனக்கே நம்பிக்கையில்லாததுபோல், "நின்னுடுச்சு தாமரை!" என்று சத்தமாகச் சொன்னார். முன்வரிசையில் யாரோ கை தட்டினார்கள். தாமரை திரும்பிப் பார்க்கவில்லை. அவளுக்கு வேலை பாதிதான் முடிந்திருந்தது. திருடன் வேறு எந்தப் பெயரிலாவது ஒளிந்திருக்கிறானா என்று ஒவ்வொன்றாகச் சலித்தாள். முந்தின நாள் நகல் சுத்தமானது என்று உறுதி செய்தாள். ஃபெடரல் ஹைவே ஜாமிலிருந்து தப்பி வந்த பராமரிப்பு ஆளை மெயின் சர்வர் முன்னால் உட்காரவைத்து, போனிலேயே ஒவ்வொரு அடியாக நடத்திப்போனாள். ஷா ஆலாமில் யாரும் போனை எடுக்க நேரமானதால் அங்கே சேதம் அதிகம் என்று பரிடா இடையில் ஒரு வரி எழுதிக் காட்டினாள். தாமரை தலையை ஆட்டிவிட்டுத் தன் வேலையைத் தொடர்ந்தாள்.

மழை விட்டு வெயில் வந்த நேரத்தில் கிள்ளானில் கேட் திறந்தது.

கொஞ்சம் கழித்துக் கண்ணப்பனே கூப்பிட்டார். "முதல் லோரி வெளிய போயிடுச்சு மிஸ். காலையில கொஞ்சம் சத்தமா பேசிட்டேன். உங்க பேர் என்ன சொன்னீங்க?"

"தாமரை."

"உங்க மேனேஜர் ஃப்ளைட்டு இறங்கினதும் நான் பேசணும்னு சொல்லுங்க. திட்டறதுக்கு இல்ல."

தாமரை போனை வைத்துவிட்டு நாற்காலியில் சாய்ந்தாள். ஜெயராஜ் எங்கிருந்தோ நுரைக்க ஆற்றிய தே தாரிக் டீ ஒன்று வாங்கி வந்து அவள் முன்னால் வைத்தார். பரிடா ஹெட்செட்டைக் கழற்றிவிட்டு, "காக், உங்க பிஸ்கட் ஃபாக்டரி பொழைச்சுப்போச்சு," என்றாள். தாமரை வாய்விட்டுச் சிரித்தாள். சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று.

அன்று சாயங்காலம் அவள் வீட்டுக்குள் நுழைந்தபோது கமலநாதன் நனைந்த சட்டையைக் கொடியில் போட்டபடி பொரிந்துகொண்டிருந்தான்.

"இன்னிக்கு என்ன நாளோ! காலையிலேருந்து ஒரு குடோன் வாசல்ல நட்ட மரம் மாதிரி நிக்கறேன். கம்ப்யூட்டர் கோளாறாம். கேட்ட மூடிட்டானுங்க. பின்னாடி நகர முடியல, முன்னாடி போக முடியல. எவன் மூடச் சொன்னான்னு தெரிஞ்சா ரெண்டு வார்த்தை நல்லா கேட்டிருப்பேன்."

தாமரை பையைக் கீழே வைத்தாள். செருப்பைக் கழற்றினாள். "எந்தக் குடோன்னு நீங்க சொல்லவேணாம், நானும் கேக்கமாட்டேன். ஆபீஸ் ரகசியம்," என்றாள். "ஆனா மூடச் சொன்னவங்கள கேக்கணும்னா, கேளுங்க."

அவன் சட்டையைப் பிடித்த கையோடு திரும்பினான். அவள் முகத்தைப் பார்த்தான்.

"நீயா?"

"நான்தான்."

"முதலாளி திட்டினானா?"

"உங்க அளவுக்கு இல்ல."

கமலநாதன் அப்படியே தரையில் உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தான். பிறகு எழுந்து, பக்கத்து வீட்டுச் சுவருக்கு மேலாக எட்டி, "இராஜம்மா அக்கா! இன்னிக்கு கிள்ளான்ல அத்தனை லோரியையும் நிறுத்தினது யாரு தெரியுமா? என் பொண்டாட்டி!" என்று கத்தினான். அவள் அவன் பனியனைப் பிடித்து இழுத்தும் அடங்கவில்லை.

தீபாவளி முடிந்த வாரம் இறுதிச் சோதனை நடந்தது. இந்தமுறை பரிடா அவளுக்குக் கொடுத்தது ஒரு மருத்துவமனை. தாமரை எழுதிய அறிக்கையில் பின்வரிசை என்ற சொல்லே இல்லை. வகுப்பில் சேர்ந்தவர்களில் ஒருவரைத் தவிர எல்லோரும் தேறினார்கள். அந்த ஒருவரும் மறு வாய்ப்பில் தேறிவிட்டார். ரஞ்சனி புது அடையாள அட்டைகளைத் தானே ஒவ்வொருவர் கழுத்திலும் மாட்டிவிட்டாள். தாமரையின் அட்டையை மாட்டும்போது மட்டும், "கண்ணப்பன் சார் இன்னும் ரெண்டு குடோனையும் நம்மகிட்ட குடுத்திட்டாரு. ஒரே ஒரு நிபந்தனை. கூப்பிட்டா நீங்கதான் பேசணுமாம்," என்றாள்.

மதியம் எல்லோருமாக வாழையிலைச் சாப்பாட்டுக்குப் போனார்கள். ஜெயராஜும் வந்திருந்தார். ரசத்தை உள்ளங்கையில் வாங்கிக் குடித்துவிட்டு, யாரையும் பார்க்காமல் சொன்னார்.

"ரஞ்சனிகிட்டப் பேசினேன். ராஜினாமாவ திரும்ப வாங்கிக்கிட்டேன். ஜனவரியில அடுத்த வகுப்பு ஆரம்பிக்குதாம்."

மேசையில் ஒரு ஆரவாரம் எழுந்தது. பரிடா மேசையைத் தட்டியதில் அப்பளம் நொறுங்கியது.

"செமினி என்னாச்சு அண்ணே?" என்றாள் தாமரை.

"மகன் வீடு எங்க ஓடப்போகுது? அன்னிக்கு உன் பக்கத்துல உக்காந்தேன் பாரு, அதுலேருந்து முன்வரிசையில உக்கார மனசே வரல." அவர் இலையை மடிக்கப் போனவர், நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார். "அந்தக் கத்தற முதலாளி வேஷம், அதுக்கு உன் வீட்டுக்காரரு வருவாரா?"

"கூப்பிடாமலேயே வருவாரு," என்றாள் தாமரை. கடைக்காரரைக் கூப்பிட்டு, அண்ணனுக்கு இன்னொரு துண்டு பொரித்த மீன் வைக்கச் சொன்னாள்.